எட்டடி பதினோரு அங்குலம்

எழுதும்போது கை நடுங்குகிறது. லித்தியம் மாத்திரையின் உபயம். ஒரு காலத்தில் புல வரைபடத்தில் மயிரிழைக் கோடு போட்ட கை இது. இப்போது கையெழுத்துப் போடவே இரண்டு தரம் யோசிக்கிறது. ஆகவே மெல்லத்தான் எழுதுகிறேன். படிப்பவர்களும் மெல்லப் படித்தால் போதும், எனக்கு அவசரம் ஒன்றுமில்லை.

என் பெயர் சிவதாணு. தாலுகா அலுவலகத்தில் நில அளவர், ஊராருக்கு சர்வேயர். தாழக்குடிப் பக்கம் வயலுக்கு நடுவே வீடு. என் நோய்க்கு இருமுனை மனநிலைக் கோளாறு என்று பெயர். பெயர்தான் நீளம், விஷயம் எளிது. சில மாதம் மனம் தாழ்ந்து கிடக்கும், குளிக்கக்கூட எழ முடியாது. சில மாதம் எகிறிவிடும். தூக்கம் வேண்டாம், சோறு வேண்டாம், உலகத்தில் உள்ள தப்பையெல்லாம் நான் ஒருவனே திருத்திவிடலாம் என்று தோன்றும். இந்த இரண்டாவதுதான் ஆபத்து, ஏனென்றால் அது நோய் மாதிரியே இருக்காது. அன்றுதான் நமக்கு முதன்முதலாக அறிவு வந்தது போல இருக்கும்.

எனக்கு அப்படி அறிவு வந்தது கன்னிப்பூ நெல் அறுவடை முடிந்து வயலெல்லாம் வெறுமையாகக் கிடந்த சமயத்தில். ஊரில் உள்ள அத்தனை வரப்பும் தப்பு என்று எனக்குத் தெரிந்துவிட்டது. விடிகாலையில் கடப்பாரையோடு இறங்கினேன். ஊர் பல் தேய்த்து முடிப்பதற்குள் பதினோரு எல்லைக்கல்லைப் பிடுங்கி வரிசையாக அடுக்கிவிட்டேன். அதில் நான்கு என் சித்தப்பா வயலுடையவை. கல் நடச் சம்பளம் வாங்குகிறவன் கல்லைப் பிடுங்கினால் ஊர் சும்மா இருக்குமா?

"ஏலே சிவதாணு, ஒனக்கு என்ன கேடுலே வந்துது? எங்கப்பன் காலத்து கல்லாக்கும் அது!" என்று சித்தப்பா வரப்பில் நின்று கத்தினார்.

"தப்பான கல்லு சித்தப்பா. இத்தன வருசமா அடுத்தவன் மண்ணுல நெல்லு அறுத்திருக்கியோ" என்றேன், எல்லாரும் கேட்கும்படி.

அவர் அழுதுவிட்டார். இப்போது நினைத்தாலும் எனக்கு உடம்பு கூசுகிறது.

இதை முதலிலேயே சொல்லிவிடக் காரணம் உண்டு. நான் இனிமேல் சொல்லப் போவது முழுக்க ஓர் அளவைப் பற்றியது. என் அளவை நம்ப யாரும் தயாராக இல்லாததற்கு அவர்களிடம் நியாயம் இருந்தது.

என் மனைவி பகவதியும் அவளுடைய அண்ணனும் அன்று மத்தியானமே என்னைக் காரில் ஏற்றினார்கள். மேற்கே, ரப்பர் தோட்டங்கள் தொடங்குகிற இடத்தில் ஒரு தனியார் மனநல மருத்துவமனை. அதன் பெயரைச் சொல்லப் போவதில்லை. முன்வராந்தாவில் நீண்ட பெஞ்சு, சத்தம் குறைத்து வைத்த டிவி, ஒயர்கூடையை மடியில் வைத்துக்கொண்டு உறவினர்கள். அங்கே எல்லாரும் எல்லாரிடமும் "எந்த ஊரு?" என்று கேட்பார்கள். என்ன நோய் என்று ஒருவரும் கேட்க மாட்டார்கள். இரத்தம் எடுத்தார்கள், இருதயப் படம் எடுத்தார்கள், தைராய்டு பார்த்தார்கள். தைராய்டு சுரப்பி தாறுமாறாக வேலை செய்தாலும் மனம் இப்படி ஆடுமாம். எனக்கு அது ஒழுங்காகத்தான் இருந்தது. பகவதி நான்கு இடத்தில் கையெழுத்துப் போட்டாள். போட்டுவிட்டு என் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். அதற்குமேல் அவளை உள்ளே விடவில்லை.

டாக்டர் வாரத்தில் இரண்டு நாள் வருவார். நல்ல மனிதர், ஆனால் எப்போதும் அவசரம். மற்ற ஐந்து நாளும் உதவியாளர்கள் ராஜ்யம். முதல் வாரம் போட்ட ஊசியில் கழுத்து ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது, நாக்கு தடித்தது, நடை குறுகிப்போனது. மனத்தின் வேகத்தை அடக்கும் மருந்து சிலருக்குத் தசையையும் சேர்த்துப் பூட்டிவிடும். அதைத் திறக்க வேறொரு சின்ன மாத்திரை உண்டு. டாக்டர் வரும் நாள்வரை அது எனக்குக் கிடைக்கவில்லை. மூன்று நாள் எச்சிலை விழுங்க முடியாமல் துண்டால் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

அந்த இடத்தின் கதையைச் சொன்னவள் சமையலறையில் வேலை செய்த ரோஸ்லி அக்கா. கஞ்சி ஊற்றும்போது துண்டு துண்டாகச் சொல்லுவாள். ஆதியில் அது ஒரு பிரார்த்தனைக் கூடத்தை ஒட்டிய சத்திரமாம். பேய் பிடித்தது என்று சொல்லப்பட்டவர்களைச் சொந்தக்காரர்கள் கொண்டுவந்து நாற்பத்தொரு நாள் விட்டுவிட்டுப் போவார்களாம். பலருக்கு நாற்பத்தொன்று முடிந்தும் ஆள் வந்ததில்லை. அவர்களைத் தூணில் சங்கிலியால் கட்டியிருந்தார்கள். பிறகு சங்கிலி கூடாது என்று சட்டம் வந்தது. சங்கிலி பழைய இரும்புக் கடைக்குப் போனது. வாசலில் மருத்துவமனை என்று பலகை வந்தது. ஓட்டுக் கூரை போட்ட அதே நீளக் கூடம் ஆண்கள் வார்டு ஆனது.

"தூணைப் பாத்தியளா?" என்று ஒரு நாள் கேட்டாள்.

பார்த்தேன். மரத்தூண்களில் கணுக்கால் உயரத்தில் விரல் நுழையும் அளவுக்குத் தேய்ந்த பள்ளம் இருந்தது. அதன்மேல் பலமுறை பெயின்ட் அடித்திருந்தார்கள்.

கூடத்தின் கிழக்குக் கோடியில் ஒரு சின்ன அறை. சத்திரக் காலத்தில் அரிசி போட்டு வைத்த இடம். ஜன்னல் கிடையாது. நோயாளிகள் அதற்கு வைத்த பெயர் பத்தாயம். எங்கள் ஊர் வீடுகளில் நெல் போட்டு வைக்கும் பெரிய மரப்பெட்டிக்குத்தான் அந்தப் பெயர். மாத்திரையைத் துப்பினால், கதவைத் தட்டினால், வீட்டுக்கு போன் கேட்டு அடம் பிடித்தால் பத்தாயம். 'பத்தாயத்துல போட்டுருவேன்' என்று உதவியாளர்கள் சாதாரணமாகச் சொல்லுவார்கள், பிள்ளைகளைப் பூச்சாண்டி காட்டி மிரட்டுவது போல.

என் பக்கத்துக் கட்டிலில் காசிம் காக்கா. குளச்சல்காரர், வளைகுடாவில் பல வருடம் லாரி ஓட்டியவர். யாரோ காதுக்குள் பேசுகிறார்கள் என்பது அவர் நோய். மற்றபடி என்னைவிடத் தெளிவானவர். ஒரு நாள் முற்பகல் மாத்திரையைத் துப்பிவிட்டார். ஓர் உதவியாளர் கன்னத்தில் அறைந்து, கையை முறுக்கி, கிழக்குக் கோடிக்கு இழுத்துக்கொண்டு போனார். நான் குறுக்கே போய் நின்றேன். வீரம் ஒன்றுமில்லை, அன்றைக்கு எனக்கு உலகம் முழுவதும் என் பொறுப்பாக இருந்தது. என்னையும் சேர்த்துத் தள்ளினார்கள். காக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டிருந்தார். கை இருப்பதைப் பார்த்துக்கொண்டே கதவைச் சாத்தினார்கள். அந்தச் சத்தத்தை எழுத எனக்கு வராது.

உள்ளே இரண்டு நாள் இருந்தோம். ஓட்டு இடுக்கில் ஒரு கோடு வெளிச்சம் மட்டும். காக்கா முனகிக்கொண்டே இருந்தார், மணிக்கட்டு வீங்கி இரண்டு மடங்காகிவிட்டது. மனம் என் கையை விட்டுப் போகாமல் இருக்க எனக்குத் தெரிந்த ஒரே வேலையைச் செய்தேன். அறையை அளந்தேன். டேப் இல்லாத இடத்தில் குதிகாலும் பெருவிரலும் ஒட்ட வைத்துப் பாதத்தால் அளப்பது எங்கள் தொழிலில் பழக்கம். என் பாதம் சரியாகப் பத்து அங்குலம். ஊசி என் நடையைக் குறுக்கியிருந்தது, பாதத்தைக் குறுக்க முடியாது. ஒரு பக்கம் பதின்மூன்று பாதம், மறுபக்கம் எட்டு பாதம். திரும்பத் திரும்ப அளந்தேன்.

"ஓய் சர்வேயரே, என்ன அளக்கீரு?" என்றார் காக்கா வலிக்கு நடுவில்.

"அறையை."

"எதுக்கு, வித்துப்போடலாமா?"

இரண்டு பேரும் சிரித்தோம். அவர் சிரிப்பு அழுகையில் போய் முடிந்தது.

டாக்டர் வரும் நாள் காலையில் வெளியே விட்டார்கள். பதிவேட்டில் காசிம் காக்கா குளியலறையில் வழுக்கி விழுந்தார் என்று எழுதினார்கள். நான் டாக்டரிடம் சொன்னேன். உதவியாளர்கள் பக்கத்தில் நிற்கும்போதே அவர் என்னிடம் கேள்வி கேட்டார், என்னவோ குறித்துக்கொண்டார், என் மருந்தைக் கூட்டினார்.

ஞாயிற்றுக்கிழமை பகவதி வந்தாள். தூக்குவாளியில் உளுந்தங்கஞ்சி, தனியாகத் தேங்காய்த் துவையல், வீட்டில் துவைத்த இரண்டு துண்டு. முன்வராந்தாவில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டினேன். என் வாய் ஓடிய ஓட்டத்தில் மாவட்ட வரைபடமே பிழை என்பதையும் சேர்த்துச் சொல்லியிருப்பேன். அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மாத்திரை ஒழுங்கா போடுதியளா?" என்றாள்.

போகும்போது மேனேஜரிடம் கேட்டிருக்கிறாள். அப்படி ஓர் அறையே இங்கே இல்லை, இந்த நோயில் இப்படித்தான் தோன்றும், பொறுத்துக்கொள்ளுங்கள் என்று அவர் தன்மையாகச் சொன்னாராம். அவள் நம்பினாள். நம்பாமல் என்ன செய்வாள்? கல்லைப் பிடுங்கி அடுக்கிய மனிதனையா நம்புவது? இதை இன்று நியாயமாகச் சொல்கிறேன். அன்று அவள் மேல் எனக்கு வந்த கோபம் வேறு எவர் மேலும் வந்ததில்லை.

ஆறு வாரத்தில் வீட்டுக்கு வந்தேன். நாகர்கோவிலில் வேறொரு டாக்டர். அவர் உட்காரச் சொல்லி, முழுசாகக் கேட்டு, லித்தியம் தொடங்கினார். அது ஒரு வகை உப்பு. இரத்தத்தில் குறைந்தால் பயனில்லை, கூடினால் விஷம். அதனால் அடிக்கடி இரத்தம் கொடுக்கப் போக வேண்டும். டோக்கன் வாங்கிக்கொண்டு காத்திருப்பதிலேயே பாதி நாள் போகும். பகவதி ஒவ்வொரு தடவையும் கூட வந்தாள். ஊசி குத்திய இடத்தைத் தன் கட்டைவிரலால் அழுத்திப் பிடித்துக்கொள்வாள். ஆனால் நான் பத்தாயத்தைப் பற்றி வாயெடுத்தால், அந்த ஒரே கேள்விதான்.

"மாத்திரை போட்டாச்சா?"

மெல்லத் தெளிந்தேன். தெளிவு ஒரு விசித்திரமான வேலை செய்தது. வரைபடம் பிழை என்று நினைத்தது நோய் என்று இப்போது தெரிந்தது. சித்தப்பாவின் கல் சரியான இடத்தில்தான் இருந்தது என்றும் தெரிந்தது. அப்படியானால் அந்த அறை? அதுவும் அதே நாட்களில்தானே? உடம்பு தேறத் தேற அந்த அறை என்னைவிட்டு நழுவியது. ஒரு கட்டத்தில் நான் பேச்சையே எடுப்பதில்லை. வீட்டில் நிம்மதி வந்தது. பகவதி தூங்க ஆரம்பித்தாள்.

அப்போதுதான் ஜமீலா வந்தாள். காசிம் காக்காவின் மகள், முப்பது வயதிருக்கும். ரோஸ்லி அக்காதான் என் விலாசத்தைக் கொடுத்திருக்கிறாள். தான் சாட்சி சொல்ல வந்தால் வேலை போய்விடும், ஆனால் சர்வேயர் சொல்லுவார் என்றாளாம். ஜமீலா புகார் கொடுத்ததில் விசாரணைக் குழு ஒன்று அமைத்திருக்கிறார்கள். ஆனால் காக்காவைக் கேட்டால், நான்தான் விழுந்தேன் என்கிறார். மருத்துவமனை, கூடம் சுவரோடு முடிகிறது, அப்பால் அறை எதுவும் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டது.

"அண்ணா, வாப்பா கைய பத்தி கேட்டா அதுக்கு மேல பேச மாட்டாங்க. ஆனா வீட்டுல எந்தக் கதவையும் சாத்த விடமாட்டாங்க. பாத்ரூம் கதவக்கூட. ஏன்னு உங்களுக்குத் தெரியுமா?" என்றாள்.

எனக்குத் தெரியும். விசாரணை என்றைக்கு என்று மட்டும் கேட்டுக் குறித்துக்கொண்டேன். அவள் போனபிறகு பகவதி அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தாள். அந்தக் கேள்வி அவள் முகத்தில் இருந்தது.

அன்று சாயங்காலம் ஒரு தாளில் வாக்குமூலம் எழுதினேன். கூடத்தின் நீளவாக்கில் அறையின் குறுகிய பக்கம் எட்டு பாதம், அதாவது ஆறடி எட்டு அங்குலம். இந்தக் கோடிச் சுவர், அந்தக் கோடிச் சுவர், கூடத்துக்கும் அறைக்கும் இடையே உள்ள சுவர், ஆக மூன்று. செங்கல் சுவருக்கு வழக்கமான முக்கால் அடி கனம் வீதம் இரண்டேகால் அடி. கட்டிடத்தின் வெளி நீளத்திலிருந்து கூடத்தின் உள் நீளத்தைக் கழித்தால் எட்டடி பதினோரு அங்குலம் வர வேண்டும். கீழே கையெழுத்துப் போட்டு விசாரணைக் குழுவுக்கு அனுப்பினேன். வந்தால் காசிம் காக்காவின் கைக்கு ஒரு நியாயம். வராவிட்டால் நான் பைத்தியம் என்பதற்கு என் கைப்பட எழுதிய ஆவணம். திரும்ப வேலையில் சேரத் தகுதிச் சான்றிதழுக்குக் காத்திருந்தவன் செய்கிற காரியமா இது? செய்தேன்.

விசாரணை நாளன்று பகவதியும் பஸ் ஏறினாள். நம்பிக்கை வந்து அல்ல, தனியாக அனுப்பப் பயந்து. குழுவில் ஒரு பெண் அதிகாரி, ஒரு மனநல மருத்துவர், டேப் கொண்டுவந்த ஒரு குமாஸ்தா. ஜமீலாவும் இருந்தாள். கூடத்துக்குள் போனோம். புதுப் பெயின்ட் வாடை. கிழக்குக் கோடியில் வெள்ளைச் சுவர், அதில் சாய்ந்து ஓர் இரும்பு பீரோ. கதவு இருந்த சுவடே இல்லை.

"பாருங்க மேடம்" என்றார் மேனேஜர். "பாவம், நோய். அவர் மேல எங்களுக்கு ஒரு கோபமும் கிடையாது."

அவர் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அந்த இரக்கத்தைத்தான் தாங்க முடியவில்லை.

உள்ளே அளந்தார்கள். எழுபத்துமூன்று அடி ஒரு அங்குலம். பிறகு பின்பக்கம், வெளி நீளம். என் கை நடுங்குவதைப் பார்த்து அதிகாரி என்னை உட்காரச் சொல்லிவிட்டார். மேற்கு மூலையில் குமாஸ்தா டேப்போடு நின்றார். அதன் தொடக்க முனையை ஓர் உதவியாளர் கிழக்கே இழுத்துக்கொண்டு போனார். அந்தப் பக்கம் ஆளுயரத்துக்குப் புதர் மண்டிக் கிடந்தது, நான் உட்கார்ந்த இடத்திலிருந்து ஒன்றும் தெரியவில்லை. "பிடிச்சாச்சு" என்று குரல் வந்தது. குமாஸ்தா படித்தார். எழுபத்தைந்து அடி.

வித்தியாசம் ஓரடி பதினோரு அங்குலம்.

"ரெண்டு பக்கமும் சுவரு. கணக்கு தீந்துது மேடம்" என்றார் மேனேஜர்.

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். உண்மையைச் சொல்கிறேன், அந்த நேரத்தில் எனக்கு ஒரு நிம்மதிகூட வந்தது. சரி, அறை இல்லை. காசிம் காக்கா வழுக்கித்தான் விழுந்தார். நான் நோயாளி, வீட்டுக்குப் போய்ப் படுத்துக்கொள்ளலாம். இத்தனை வருட அளவுத் தொழிலும் என் இரண்டு பாதமும் பொய் என்று ஒத்துக்கொள்ள நான் தயாராகிவிட்டேன். அவ்வளவு களைப்பு.

"அம்மா, ஒரு நிமிசம்" என்றாள் பகவதி. "அந்த ஆளு எங்க நிக்காருன்னு நீங்க பாத்தியளா?"

அதிகாரி திரும்பினார். "ஏன்?"

"எங்க வீட்டு மனை அளந்தப்ப டேப்பு முனைய நானாக்கும் பிடிச்சேன். மூலையில நில்லுட்டி, மூலையில நில்லுட்டின்னு இவுக என்னைக் கொன்னு எடுத்துட்டாவ. அந்த ஆளு மூலைக்கு போன மாதிரி தெரியல்ல. செடி அசைஞ்சது இந்தால, கிட்டயாக்கும்."

யார் பதிலுக்கும் காத்திருக்கவில்லை. சேலையை ஒரு கையால் தூக்கிப் பிடித்துக்கொண்டு புதருக்குள் இறங்கினாள். முள் கிழிக்கும் சத்தம் கேட்டது. உதவியாளர் பின்பக்க வராந்தாவின் ஒரு தூணில் முனையைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார். அவர் கையிலிருந்து அதை வாங்கி அவள் மேலும் நடந்தாள். குமாஸ்தாவின் கையில் டேப் ஓடியது, ஓடிக்கொண்டே இருந்தது.

"இங்கயாக்கும் மூலை!" என்று கத்தினாள்.

குமாஸ்தா படித்தார். எண்பத்திரண்டு அடி. தாளில் கழித்தார். நம்பாமல் இன்னொரு தடவை கழித்தார்.

"எட்டடி பதினோரு அங்குலம்" என்றார்.

அதிகாரி கோப்பிலிருந்து என் வாக்குமூலத்தை எடுத்துப் பார்த்தார். மேனேஜரிடம், "அந்த பீரோவை நகர்த்தச் சொல்லுங்க" என்றார்.

பூச்சை உடைக்க ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை. செங்கல் விழுந்ததும் பத்தாயத்தின் அந்தப் பழைய வாடை வந்தது. நான் உள்ளே போகவில்லை. ஜமீலாவும் போகவில்லை, சுவரைப் பிடித்துக்கொண்டு அழுதாள். பகவதி போனாள். புதரின் முள் குத்தி அவள் காலில் இரத்தம் வழிந்துகொண்டிருந்தது. உள்ளே ரொம்ப நேரம் நின்றாள். வெளியே வந்து அதிகாரியிடம், "கதவு இருந்தா ஒரு தடவ உள்ள நின்னு சாத்திப் பாத்திருப்பேன்" என்று மட்டும் சொன்னாள்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் களைப்பூட்டும் சமாச்சாரம். மருத்துவமனையைப் பூட்டினார்கள். வழக்கு வாய்தாவில் ஓடுகிறது. காக்காவை அடித்த உதவியாளர் ஜாமீனில் இருக்கிறார். மேனேஜர் வேறு எங்கோ வேலையில் சேர்ந்துவிட்டதாகக் கேள்வி. காசிம் காக்கா அதைப் பற்றி இன்னும் முழுசாகப் பேசவில்லை. ஆனால் சுவரை உடைத்த செய்தியை ஜமீலா சொன்னபோது, "சர்வேயரு வித்துட்டாரா அத?" என்று கேட்டாராம். சித்தப்பா வயலில் வேறொரு சர்வேயர் வந்து கல்லை நட்டார். நான் பக்கத்தில் நின்று மண் தள்ளினேன். சித்தப்பா என்னிடம் பேசவில்லை, முடிந்ததும் கை கழுவச் செம்பில் வெள்ளம் தந்தார்.

விசாரணை முடிந்த அன்று நாகர்கோவில் வடசேரிக்குத் திரும்பும் பஸ்ஸில் இரண்டு பேர் சீட்டில் உட்கார்ந்தோம். ரப்பர் தோட்டம் எல்லாம் கடந்து போகும்வரை பகவதி ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு என் பக்கம் திரும்பினாள்.

"நீங்க சொன்ன அன்னைக்கே நான் உள்ள வந்து பாத்திருக்கணும்" என்றாள். அப்புறம், "அந்த ரெண்டு நாளும் என்ன நடந்துது? மொதல்லருந்து சொல்லுங்க" என்றாள்.

வடசேரி வரும்வரை சொன்னேன். கதவுச் சத்தத்தையும் சொன்னேன். அழுதேன், பக்கத்து சீட்டுக்காரர்கள் பார்த்தார்கள். அந்தக் கேள்வியை அவள் கேட்கவே இல்லை.

வீட்டுக்கு வந்ததும் காலில் மஞ்சள் வைத்துக்கொண்டு அடுக்களைக்குப் போனாள். எட்டு மணிக்கு மாத்திரையையும் ஒரு டம்ளர் வெள்ளத்தையும் என் முன்னால் கொண்டுவந்து வைத்தாள். எடுத்துப் போட்டுக்கொண்டேன்.